கவசத்திற்குத் தடையில்லை

போர்க்கோலத்தின் உண்மையான எடை, அதை அணிந்து மேடையில் நின்றவருக்குத் தெரியாது. மறுநாள் அதை வெயிலில் உலர்த்துகிறவனுக்குத்தான் தெரியும்.

தஞ்சாவூர்க் கீழவீதியை ஒட்டிய சந்து ஒன்றில், நாடக உடைகளையும் படைக்கலங்களையும் வாடகைக்கு விட்டு நெடுங்காலம் வாழ்ந்தவன் நான். கல்யாணப் பாத்திரம் வாடகைக்கு விடுவோர், பந்தல் போடுவோர், ஒலிபெருக்கி கட்டுவோர் எவரேனும் இதைப் படிக்க நேர்ந்தால், நான் சொல்லாமலேயே பாதி அவர்களுக்கு விளங்கிவிடும். அண்டாவில் ஒடுக்கு எப்படி விழுந்தது என்று கேட்டால், வாங்கிச் சென்ற வீட்டார் அண்டாவையே முதன்முதலாகப் பார்ப்பவர்கள் போல நிற்பார்கள் அல்லவா? என் கடையில் ஒடுங்கியது கேடயம். வேறுபாடு அவ்வளவே.

நான் இத்தொழிலுக்கென்று பிறந்தவன் அல்லன். எங்கள் குடும்பத்து நிலம் தகப்பனார் காலத்திலேயே கைமாறிவிட்டது. நான் தமிழ் வித்துவான் படிப்புப் படித்திருந்தேன். பள்ளிக்கூட வேலை அமையவில்லை. கலைந்துபோன நாடகக் கம்பெனி ஒன்றின் பெட்டிகள் விலைக்கு வந்தபோது, மாமனார் அவற்றை வாங்கிக் கடையாக அமைத்துக் கொடுத்தார். காலையில் பதிகமும் மாலையில் பாசுரமும் ஓதுவது என் வழக்கம். ஈசன் ஏந்தும் மழுவும் சூலமும், திருமால் ஏந்தும் தண்டும் நேமியும் நாவில் நாள்தோறும் புழங்கியவை. பெட்டிகளைத் திறந்தால் உள்ளே இருந்தவை தகரமும் அட்டையும் ஜிகினாவும்தான். ஆயினும் ஒவ்வொன்றையும் அதற்குரிய பெயரால் அழைப்பது என்று தீர்மானித்தேன். மார்பையும் முதுகையும் காப்பது மெய்ம்மறை. செதில் செதிலாகப் பித்தளைத் தகடு தைத்த சட்டை சாலிகை. அம்பு வைக்கும் கூடு தூணி. வில்லாளி கையில் மாட்டும் தோலுறை புட்டில். தொல்லை அங்கேதான் தொடங்கியது.

பெயர்ப் பலகை

கழக ஆட்சி ஏற்பட்டுக் கடைதோறும் தமிழில் பலகை எழுதும் ஆர்வம் பரவிய காலம். எனக்கு அதில் யாரும் சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை. நீலத் தகட்டில் வெள்ளை எழுத்தால், ‘மெய்ம்மறை, சாலிகை, கேடகம், தூணி, சுரிகை முதலியன வாடகைக்குக் கிடைக்கும்’ என்று எழுதுவித்து வாசலில் மாட்டினேன். அதன்பின் வாடிக்கையாளர் வரவு சரிந்தது. எதிர்ச் சாரியில் ஜவுளி வைத்திருந்தவர், இது ஏதோ நாட்டு மருந்துக் கடையாக மாறிவிட்டது என்று இரண்டு பேரைத் திருப்பி அனுப்பியதாகப் பின்னால் தெரிந்துகொண்டேன்.

ஒரு நாள் மேடைப் பேச்சில் பெயர் பெற்ற வட்டாரப் பிரமுகர் ஒருவர், துண்டு தோளில் புரள அவ்வழியே வந்தவர், பலகைக்கு எதிரே நின்றுவிட்டார். வாய்விட்டு முழுவதையும் படித்தார். இரண்டாம் முறையும் படித்தார். அவர் முகம் மலர்ந்ததைக் கண்டு, என் உழைப்பை அறிந்த ஒருவர் கிடைத்தார் என்று எழுந்து நின்று வணங்கினேன். அவர் உள்ளே வந்து என் கையைப் பற்றிக்கொண்டார்.

“இந்த வீதியிலேயே இவ்வளவு நல்ல தமிழ் எங்கேயும் இல்லீங்க, ரொம்ப சந்தோஷம்,” என்றவர், கடையைச் சுற்றி ஒருமுறை பார்த்துவிட்டுக் கேட்டார்: “ஆமா, என்ன கடைங்க இது?”

பித்தளை பனியன்

திருவையாற்றுப் பக்கத்திலிருந்து நாடகச் சபாவின் செயலாளர் ஒருவர் வந்தார். வந்ததும் விரல் மடக்கித் தேவைகளைச் சொன்னார். ராஜாவுக்குப் பித்தளை பனியன், மந்திரிக்கு வெள்ளி பனியன், சிப்பாய்களுக்குத் தகர பனியன், எல்லாருக்கும் ஆளுக்கொரு தாம்பாளம். பனியன் என்பது சட்டைக்கு உள்ளே அணிவது, மெய்ம்மறை என்பது அனைத்துக்கும் மேலே அணிவது என்று நான் விளக்கினேன். தாம்பாளம் என்று அவர் சொன்னது கேடகம் என்றும், தோலால் செய்த காலத்தில் அதற்குத் தோல் என்றே பெயர் என்றும், மரத்தால் செய்தபோது பலகை என்று வழங்கினார்கள் என்றும் எடுத்துரைத்தேன். என் பேச்சு நீண்டுவிட்டது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அவர் ஒருமுறைகூடக் குறுக்கிடவில்லை. தலையை அசைத்து அசைத்துக் கேட்டார். இப்படிக் கேட்கும் ஒருவர் வருடத்துக்கு ஒருவர் வந்தாலும் போதும் என்று மனம் குளிர்ந்தேன்.

நான் முடித்த பிறகு அவர் சற்று யோசித்தார். உடன் வந்திருந்த ஒருவரைப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, “சரிங்க புலவரே, நீங்க சொன்னபடியே இருக்கட்டும்,” என்றார். “அந்தப் பேர்ல எடுத்தா வாடகை கூடுதலாங்க?”

சேனாதிபதியின் அங்கி

அரசருக்கும் சேனாதிபதிக்கும் தைக்கும் வெல்வெட்டுத் துணியைக் கூத்தாநல்லூரிலிருந்து வரவழைப்பேன். கொண்டுவந்து தருபவர் ராவுத்தர் ஒருவர். சிங்கப்பூரில் பல வருடம் கடை நடத்தித் திரும்பியவர். துணியைப் பற்றி அவர் சொல்வதை மறுக்க முடியாது. ஒருமுறை அவர் வந்திருந்தபோது, சோழ நாட்டுச் சேனாதிபதி ஒருவருக்காக நான் தைத்து வைத்திருந்த அங்கியை மாட்டிக் காட்டினேன். முழங்கால் வரை நீண்டது, கழுத்து நிமிர்ந்தது, நடுவில் வரிசையாகப் பொத்தான், ஓரமெல்லாம் சரிகை. இடுப்பில் கச்சையும், தோளிலிருந்து குறுக்காக டவாலியும் அணிவித்திருந்தேன். டவாலி என்னும் சொல் மட்டும் வடக்கேயிருந்து வந்தது. மற்றவை யாவும் நம்முடையவை என்று பெருமையாகச் சொன்னேன்.

ராவுத்தர் அங்கியின் கையைப் புரட்டித் தையலைப் பார்த்தார். பொத்தான்களை எண்ணுவது போல ஒவ்வொன்றாகத் தொட்டார். அவர் நல்ல மனிதர். என்னை வருத்தமுறச் செய்ய விரும்பாதவர். வெற்றிலையை ஒரு பக்கமாக ஒதுக்கிக்கொண்டு மெல்லச் சொன்னார்: “நல்லா வந்திருக்கு புலவரே. போன மாசம் எங்க மருமவன் நிக்காஹ்வுக்கு இதேதான் போட்டிருந்தாரு.”

குனிய விடாத சட்டை

இனி எழுதுவது ஒரே ஊரைப் பற்றியது.

கூத்தாநல்லூருக்கும் மன்னார்குடிக்கும் இடைப்பட்ட ஊர். பெயர் இங்கே தேவையில்லை. அவ்வூர் அம்மன் கோயிலில் ஆடித் திருவிழாவின் கடைசி இரவு நாடகம் நடக்கும். அரசன் வேடம் பூணுபவர் விழாத் தொடக்கத்தில் காப்புக் கட்டிக்கொள்ள வேண்டும். மஞ்சள் நூலால் ஆன அக்காப்பை மணிக்கட்டில் ஏற்றுக்கொண்டவர், நாடக முடிவில் அசுரனை வதம் செய்து, பூசாரி அதை அவிழ்த்துவிடும் வரையில் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. தலைமுறை தலைமுறையாக மேலத்தெருவினரே அவ்வேடத்தைப் பூண்டு வந்தார்கள். ஆனால் அத்தெருப் பிள்ளைகள் படித்துச் சென்னைக்கும் பம்பாய்க்கும் வேலைக்குப் போய்விட்டார்கள். அரசனாக நிற்க அங்கே ஆள் இல்லை. அதனால் ஒரு வருடம் வயல்வேலை செய்யும் தெற்குத்தெருவினர் கேட்டார்கள். ஊர்க்கூட்டம் தயங்கித் தயங்கிச் சம்மதித்தது.

அரசன் வேடத்துக்கு அளவு கொடுக்க என் கடைக்கு வந்தவர் பெயர் சிங்காரம். நல்ல உயரம், நான் நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை. பேச்சுவாக்கில் தம் நிலைமையைச் சொன்னார். குடியிருக்கும் மனை குடியிருப்பவருக்கே என்று சட்டம் வந்திருந்த சமயம். அவருடைய குடிசை, ஊர் மிராசுதாரின் நிலத்து ஓரத்தில் இருந்தது. அது களத்தைச் சேர்ந்த இடம், அங்கே எவரும் நிலையாகக் குடியிருக்கவில்லை என்று மிராசுதார் தரப்பில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். மன்னார்குடி தாலுகா ஆபீசில் விசாரணை. நாடகம் விடிந்து முடியும் அதே நாள் காலையில் நேரில் வர வேண்டும். வராவிட்டால் எதிர்த்தரப்பு சொல்வதே முடிவு. விழா நாள் முன்பே குறித்தது. விசாரணை நாள் பிறகு வந்தது. விடியற்காலையில் வதம், உடனே காப்பு அவிழ்ப்பு, முதல் பஸ்ஸில் மன்னார்குடி என்று அவர் திட்டம் போட்டிருந்தார். காப்பு மட்டும் அவிழாமல் போனால் குடிசை போய்விடும் என்றார். இதை ஏதோ பக்கத்து வீட்டுக்காரர் விஷயம் போல நிதானமாகச் சொன்னார்.

பித்தளைச் சாலிகையை அவருக்கு மாட்டிப் பார்த்தேன். அதன் கயிறுகள் முதுகுப் பக்கம் இருப்பதால், அணிபவர் தாமே கட்டவும் முடியாது, அவிழ்க்கவும் முடியாது. கட்டி முடித்ததும் கண்ணாடிமுன் நிறுத்தினேன். கம்பீரத்துக்குக் குறைவில்லை. அவரோ கண்ணாடியைப் பார்க்காமல், கீழே விழுந்திருந்த தம் துண்டை எடுக்க முயன்றார், இடுப்பு மடங்கவில்லை. இரண்டு முறை முயன்றுவிட்டு நிமிர்ந்தார்.

“நாத்து நடுறவனுக்கு இது ஆகாதுங்க ஐயா,” என்றார். “குனியவே விட மாட்டேங்குது.”

காரியஸ்தரின் யோசனை

சிங்காரம் ஊர் திரும்பிக் காப்புக் கட்டிக்கொண்ட பிறகு, அவ்வூர் மிராசுதாரின் காரியஸ்தர் என் கடைக்கு வந்தார். மிராசுதாருக்காக வரவு செலவு, வழக்கு, வாய்க்கால் தகராறு எல்லாவற்றையும் பார்த்துக்கொள்பவர். வந்தவர் காப்பி வேண்டாம் என்றார். என் பதிக ஓதலைப் பற்றி விசாரித்தார். வெயிலைப் பற்றிப் பேசினார். பிறகு, ஆடிக் கடைசிக்கு அந்தப் பித்தளைச் சட்டையை வேறு யாருக்காவது ஒத்துக்கொண்டுவிட்டதாகச் சொல்லிவிட முடியாதா என்று கேட்டார். சட்டை வராவிட்டால் நாடகம் தள்ளிப்போகும், அதனால் ஒருவருக்கும் நஷ்டமில்லை என்பது அவர் வாதம். நாடகம் தள்ளிப்போனால் காப்பு அவிழாது. காப்பு அவிழாவிட்டால் ஒருவர் மன்னார்குடிக்குப் போக மாட்டார். இதை அவர் சொல்லவில்லை. நானும் எனக்குத் தெரியும் என்று காட்டிக்கொள்ளவில்லை.

கொடுத்த வாக்கை மாற்றிக்கொள்வது எங்கள் தொழிலில் முடியாது என்று மட்டும் சொன்னேன். ஒரு கல்யாணத்துக்கு ஒப்புக்கொண்ட அண்டாவைக் கடைசி நேரத்தில் இன்னொரு கல்யாணத்துக்குக் கொடுத்தவர் எவரும் அந்த வீதியில் மறுபடி தலைகாட்ட முடியாது. பாத்திரக் கடைக்காரர்களுக்கு இது தெரியும். காரியஸ்தர் கோபப்படவில்லை. அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டு எழுந்தார். சுவரில் வரிசையாகத் தொங்கிய தகர வாள்களைப் பார்த்துக்கொண்டே படியிறங்கினார்.

“உங்க இஷ்டம் புலவரே. காலம் கெட்டுக் கிடக்கு. கூலித் தகராறு இருக்கிற ஊருக்குள்ள ஆயுதம் வர்றது நல்லதில்லை, அவ்வளவுதான்.”

தாங்குவன, தாக்குவன

புதிதாக வாடகைக்கு எடுப்பவர்களுக்கு நானே பெட்டியோடு போய் வேடம் கட்டிவிடுவது வழக்கம். முதுகுக் கயிற்றின் முடிச்சை அவிழ்க்கத் தெரியாமல் வெட்டி எடுத்தவர்கள் உண்டு. பட்ட பிறகு வந்த வழக்கம் அது. நாடகத்தன்று மாலை அவ்வூரில் இறங்கி, கோயில் முன்னிருந்த திடலில் பெட்டிகளைத் திறந்துகொண்டிருந்தேன். சப்-இன்ஸ்பெக்டர் ஜீப்பில் வந்தார். இரண்டு கான்ஸ்டபிள்கள் உடன் வந்தார்கள். பக்கத்து ஊரில் கூலித் தகராறில் கைகலப்பு ஏற்பட்டு, அந்த வட்டாரம் முழுவதும் ஆயுதம் எடுத்துச் செல்லத் தடையுத்தரவு போட்டிருந்தார்கள். தெற்குத்தெருவுக்குப் பெட்டி பெட்டியாக வாளும் வேலும் வந்து இறங்கியிருப்பதாகப் புகார் எழுதிக் கொடுத்திருந்தார்கள்.

அவர் மரியாதை தெரிந்த இளைஞர். ஒரு வாளை எடுத்துக் கட்டைவிரலால் அழுத்தினார். அது வாழையிலை போல வளைந்தது. தகரம் என்பது தமக்குத் தெரிகிறது, ஆனால் புகாரில் வாள் என்றுதான் இருக்கிறது, நாளை ஏதேனும் நடந்தால் தாம்தான் பதில் சொல்ல வேண்டும் என்றார். எல்லாவற்றையும் ஸ்டேஷனுக்கு எடுத்துச் செல்வதாகச் சொன்னதும், தெற்குத்தெரு ஆட்களின் முகம் இறுகியது. சிங்காரம் தம் மணிக்கட்டையே பார்த்துக்கொண்டு நின்றார்.

நான் சப்-இன்ஸ்பெக்டரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டேன். தடை ஆயுதத்துக்கா, போர் சம்பந்தப்பட்ட அனைத்துக்குமா? ஆயுதத்துக்குத்தான் என்றார். அப்படியானால் போர்க் கருவிகளில் தாங்குவன உண்டு, தாக்குவன உண்டு. பழைய தமிழில் இரண்டுக்கும் தனித்தனிப் பெயர் வைத்திருக்கிறார்கள். தாங்குவன எவையும் ஆயுதம் ஆகா என்றேன். அவர் யோசித்தார். இரண்டு பாய் கொண்டுவரச் சொன்னார். ஒவ்வொன்றாக எடுத்துப் பெயரும் பயனும் கேட்டு, ஒன்றைக் கிழக்குப் பாயிலும் ஒன்றை மேற்குப் பாயிலும் வைத்தார். வாள், வேல், சுரிகை, தண்டு ஆகியவை மேற்கே போயின. சாலிகை, மெய்ம்மறை, தலையில் கவிழ்க்கும் சீரா, காலில் அணியும் வீரக்கழல் ஆகியவை கிழக்கே வந்தன. தூணி கிழக்கே வந்தது. அதனுள் இருந்த அம்புகள் மேற்கே போயின. கச்சையைத் தூக்கிக் காட்டி இது எது என்றார். அவர் இடுப்பில் இருப்பதன் பாட்டனார் என்றேன், கிழக்கே வைத்தார். கேடகத்தில் மட்டும் தயங்கினார். இதனால் ஓங்கி அடிக்கவும் முடியுமே என்றார். குடையாலும் முடியும் என்றேன். அதுவும் கிழக்கே வந்தது.

எழுந்து தொப்பியை மாட்டிக்கொண்டார். “அடி வாங்கறதுக்கு உள்ளதை எல்லாம் நீங்க வச்சுக்குங்க. அடிக்கறதுக்கு உள்ளது ஸ்டேஷன்ல இருக்கட்டும்; தடை முடிஞ்சதும் வந்து எடுத்துக்கலாம்,” என்றார்.

 சிங்காரம் தாழ்மையாகச் சொன்னார்: “எங்க தெருவுக்கு எப்பவும் அதுதானுங்களே சட்டம்.”

ஆயுதமில்லாத வதம்

அன்று நடந்தது போன்ற நாடகத்தை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. அரசனும் படையும் தலை முதல் கால் வரை கவசம் பூண்டு, ஒருவர் கையிலும் கேடகம் தவிர வேறொன்றுமில்லாமல் நின்றார்கள். கேடகத்தோடு கேடகம் மோதி ஓசை எழும்போதெல்லாம் நான் ஒடுக்கு எண்ணினேன். ஒடுக்கெடுக்க யாரிடம் போவது என்ற கவலை எனக்கு. சனங்கள் முதலில் சிரித்தார்கள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுப் பார்க்கத் தொடங்கினார்கள். மேலத்தெருவினரும் எழுந்து போகவில்லை. முதல் வரிசையில் மிராசுதார், நெற்றியில் திருமண் துலங்க, நாற்காலியில் சாயாமல் அமர்ந்திருந்தார். அவருக்குப் பின்னால் காரியஸ்தர். அசுரனாக வந்தவர் சிங்காரத்தின் மைத்துனர் காளியப்பன். வேலெறிந்து கொல்ல வேண்டிய இடம் வந்தது, வேல் இல்லை. சுற்றிச் சுற்றி வந்ததில் காளியப்பனுக்கு மூச்சு வாங்கியது. “சீக்கிரம் கொல்லு மச்சான், பொழுது விடியுது,” என்று அவர் முணுமுணுத்தது ஒலிபெருக்கியில் ஊர் முழுக்கக் கேட்டது.

சிங்காரம் கேடகத்தைக் கீழே வைத்தார். இரு கைகளாலேயே மைத்துனரைப் பற்றி, தோளில் சுமந்து இறக்கும் நெற்கட்டைப் போலத் தரையில் கிடத்தினார். வதம் முடிந்தது. கிழக்கு வெளுத்துவிட்டது. பூசாரி தட்டோடு மேடையேறிக் காப்பை அவிழ்க்கக் கை நீட்டினார். அப்போது காரியஸ்தர் எழுந்தார். ஆயுதமில்லாமல் செய்தது வதமாகாது, வதமாகாமல் காப்பை அவிழ்த்தால் அம்மனுக்குக் குற்றம், போலீசிலிருந்து வேல் திரும்பி வந்த பிறகு இன்னொரு நாள் முறைப்படி நடத்தி அவிழ்த்துக்கொள்ளலாம் என்றார். பூசாரியின் கை நின்றுவிட்டது. அவர் மிராசுதாரைப் பார்த்தார். மிராசுதார் அந்த மஞ்சள் நூலையே பார்த்துக்கொண்டிருந்தார். தெற்கே, பாலத்தடியில், முதல் பஸ் ஹாரன் அடித்தது. அது அடுத்த ஊர் வரை போய்த் திரும்பித்தான் மன்னார்குடிக்குச் செல்லும்; சிறிது நேரம் இருந்தது. மஞ்சள் நூலைப் பல்லால் கடித்து எறிந்துவிட்டுப் போக சிங்காரத்தால் முடியும். தடுக்க ஒருவரும் வந்திருக்க மாட்டார்கள். அவர் அப்படிச் செய்கிறவர் அல்லர். அம்மனுக்குக் கட்டிக்கொண்டதைத் தாமே அறுத்துக்கொண்டு பெறும் மனையில் எப்படிக் குடியிருப்பது என்று அவர் நினைத்திருக்கக் கூடும். கையை நீட்டியபடியே நின்றார்.

வேடம் கட்டிவிட வந்தவன் ஊர் வழக்கத்தில் வாய் கொடுக்கலாகாது என்பதை நான் அறிவேன். ஆயினும் நாள்தோறும் ஓதும் நாவு சும்மா இருக்கவில்லை. மிராசுதாரைப் பார்த்தே சொன்னேன். தூணைப் பிளந்துகொண்டு வந்த பெருமாள் கையில் எந்த ஆயுதமும் எடுக்கவில்லை; அன்று நடந்ததை வதமன்று என்று எந்த அடியாரும் பாடவில்லையே என்றேன். மிராசுதார் வருடந்தோறும் தம் இல்லத்தில் நரசிங்கப் பெருமாளுக்குப் பானகம் நிவேதித்து ஊருக்கெல்லாம் வழங்குபவர். அவர் என்னை நெடுநேரம் பார்த்தார். காரியஸ்தரைப் பார்க்கவில்லை.

“வாஸ்தவம் புலவரே,” என்றார் நிதானமாக. “ஆனா, பெருமாளுக்கு நகம் இருந்தது. இவனுக்கு என்ன இருக்கு?”

சிங்காரம் கைகளில் மாட்டியிருந்த தோலுறையான புட்டிலை உருவினார். பத்து விரலையும் விரித்து அவர் முன் நீட்டினார். “இருக்குதுங்க,” என்றார். “பண்ணை வயல் சேறுதான் இன்னும் போகலீங்க.”

தாலுகா ஆபீஸ் வராந்தா

மிராசுதார் அந்த விரல்களைப் பார்த்தார். எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். அவிழ்த்துவிடும்படி பூசாரிக்குத் தலையசைத்துவிட்டு, அம்மனைக் கும்பிட்டு வீட்டுக்குப் போனார். மனை வழக்கை அவர் விட்டுவிட்டார் என்று எவரும் எண்ண வேண்டாம். காரியஸ்தர் தனியாக ஒரு காரில் மன்னார்குடிக்குப் போய்க்கொண்டிருந்தார். நாங்கள் பஸ்ஸைப் பிடித்தபோது சாலிகையை அவிழ்க்க நேரம் இருக்கவில்லை. அதன் முடிச்சுகளை நான்தான் அவிழ்க்க வேண்டும் என்பதால் நானும் ஏறிக்கொண்டேன். பஸ் குலுங்கக் குலுங்க முதுகுக் கயிற்றோடு மல்லுக்கட்டி, மன்னார்குடி நெருங்கும்போதுதான் அவரை விடுவித்தேன். யாரோ கொடுத்த தேங்காயெண்ணெயால் முகத்தைத் துடைத்தார். அரிதாரம் காதோரமும் கழுத்திலும் நின்றுவிட்டது.

சிங்காரம் என்று பெயர் கூப்பிட்டபோது, எதிராளி வரவில்லை என்று காரியஸ்தர் அப்போதுதான் உள்ளே சொல்லி முடித்திருந்தார். சிங்காரம் எழுந்து போய் நின்றார். மடித்த சாலிகையைக் கையில் வைத்துக்கொண்டு நான் வாசற்படியில் நின்றேன். அவர் சொன்னதைத் தாசில்தார் முழுவதும் கேட்டார். பக்கத்துக் குடிசைக்காரர் இருவர் வந்து சாட்சி சொன்னார்கள். பிற்பாடு மனை சிங்காரத்துக்கே என்று உத்தரவாயிற்று. அன்று அவ்விடத்தில் கேட்டதை மட்டும் எழுதி முடிக்கிறேன்.

விசாரணை முடியும் தறுவாயில், தாசில்தாரின் பார்வை அந்தக் கழுத்துச் சாயத்தில் விழுந்தது. இரவு என்ன வேடம் என்று விசாரித்தார். ராஜா வேடம் என்றார் சிங்காரம். தாசில்தாருக்குச் சிரிப்பு வந்தது. “ராஜாவுக்கு எதுக்கய்யா குடிசை மனை?” என்று கேட்டார்.

“ராஜா ஒரு ராத்திரிக்குத்தானுங்க,” என்றார் சிங்காரம். “பாக்கி நாளைக்கு இருக்க இடம் வேணுமுங்களே.”

எடுத்துச் சென்றதை விடிந்ததும் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்பதே எங்கள் தொழிலின் ஒரே சட்டமாகையால், திருப்பிக் கொடுக்க வேண்டாத ஒன்றை என் வாடிக்கையாளர் ஒருவர் பெற்றதை நான் கண்டது அந்த ஒரு முறைதான். அதுவும் என் கடையில் பெற்றதன்று.